ஆஸ்பத்திரி வாசலில் ஜெபம்!

கையில் ஜெபமாலை. உதட்டில் முணுமுணுப்பு. கண்ணில் நீர்.

இப்படிச் சிலர் ஓர் ஆஸ்பத்திரி வாசலில் நிற்கிறார்கள். மழையிலும் நிற்கிறார்கள். பனியிலும் நிற்கிறார்கள். உள்ளே அவர்களுடைய சொந்தக்காரர் யாரும் படுத்திருக்கவில்லை. அவர்களுக்கு அங்கே வைத்தியமும் இல்லை.

பிறகு ஏன் நிற்கிறார்கள்?

அது கருக்கலைப்பு செய்யும் ஆஸ்பத்திரி. "உள்ளே போகும் பெண் மனம் மாற வேண்டும். வயிற்றில் இருக்கும் குழந்தை பிழைக்க வேண்டும்" என்று ஆண்டவனை வேண்டிக்கொண்டு நிற்கிறார்கள்.

அமெரிக்காவில் இது பல ஆண்டுகளாக நடக்கிறது. இங்கிலாந்திலும் நடந்தது. இதற்காகக் கோர்ட்டில் வழக்குகள் நடந்தன. புதிய சட்டங்களும் வந்தன.

"அது சீமை விவகாரம். தாராபுரத்துக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்?" என்று நீங்கள் கேட்கலாம்.

சம்பந்தம் இருக்கிறது. வெளியே நின்றவர்கள் தங்கள் அனுபவத்தைச் சொல்லி இருக்கிறார்கள். உள்ளே போனவர்களும் சொல்லி இருக்கிறார்கள். இரண்டையும் கேட்டால், நம் ஊர்ப் பெண் ஒருத்தி ஆஸ்பத்திரிப் படி ஏறும்போது அவள் மனம் என்ன பாடு படுகிறது என்பது விளங்கும்.

நாலு பேர், ஒரு மேஜை

அமெரிக்காவில் டெக்சாஸ் என்று ஒரு மாநிலம். அங்கே பிரையன் என்ற ஊரில் ஒரு கருக்கலைப்பு கிளினிக் இருந்தது.

2004-ம் ஆண்டு, அந்த வட்டாரத்தைச் சேர்ந்த நாலு பேர் ஒரு மேஜையைச் சுற்றி உட்கார்ந்து ஜெபம் செய்தார்கள். "40 நாள், இரவும் பகலும், அந்த கிளினிக் முன்னால் யாராவது ஒருவர் ஜெபம் செய்துகொண்டே இருக்க வேண்டும்" என்று முடிவு செய்தார்கள்.

ஏன் 40 நாள்? ஏசுநாதர் வனாந்தரத்தில் 40 நாள் விரதம் இருந்தார் என்று பைபிள் சொல்கிறது. அதுதான் காரணம்.

அந்த வழக்கம் 2007-ல் அமெரிக்காவின் பல ஊர்களுக்கும் பரவியது. பிறகு வேறு நாடுகளுக்கும் போனது.

அதே பிரையன் கிளினிக்கை நிர்வகித்து வந்தவர் அபி ஜான்சன் என்ற பெண்மணி. வேலிக்கு உள்ளே இருந்தவர் அவர். வேலிக்கு வெளியே ஜெபக்காரர்கள். 2009 அக்டோபரில் அவர் வேலையை விட்டார். வேலிக்கு வெளியே இருந்தவர்களோடு போய்ச் சேர்ந்துகொண்டார்! தம் அனுபவத்தைப் புத்தகமாகவும் எழுதினார். அந்தக் கதை 2019-ல் சினிமாப் படமாகவும் வந்தது.

ஜெபத்தில் நம்பிக்கை உள்ளவர்களுக்கு இது பெரிய வெற்றி. அவர்கள் இதை எடுத்துச் சொல்லிப் பெருமைப்படுவதில் வியப்பு இல்லை.

மஞ்சள் கோடும் பாட்டியும்

இன்னொரு அனுபவம்.

பாஸ்டன் நகரில் எலினார் மக்கல்லன் என்று ஒரு பாட்டி. வயது 70-க்கு மேல். அவர் கிளினிக் வாசலில் நின்று சத்தம் போடுகிறவர் அல்ல. திட்டுகிறவரும் அல்ல. வருகிற பெண்ணுக்குக் காலை வணக்கம் சொல்வார். "நான் ஏதாவது உதவி செய்யட்டுமா?" என்று மெதுவாகக் கேட்பார்.

ஆனால், அந்த வாசலுக்கு ஒரு ரத்தக் கறை இருந்தது. 1994 டிசம்பர் 30-ந் தேதி அந்த வட்டாரத்தில் இரண்டு கிளினிக்குகளுக்குள் ஒருவன் துப்பாக்கியோடு புகுந்தான். வரவேற்பு மேஜையில் உட்கார்ந்திருந்த இரண்டு பெண்களைச் சுட்டுக் கொன்றான். 5 பேர் காயம் அடைந்தார்கள்.

கூட்டமும் கூச்சலும் ஓயாத இடம் அது. அதனால் மாநில அரசு வாசலைச் சுற்றிக் கோடு போட்டது. 2007-ல் வந்த சட்டப்படி 35 அடிக்குள் வெளியார் நிற்கக்கூடாது. நடைபாதையில் கோடு வரைந்தே வைத்துவிட்டார்கள்.

"கோட்டுக்கு வெளியே நின்றால் நான் கத்தித்தான் பேச வேண்டும். கத்துவது என் வழி அல்ல" என்பது பாட்டியின் வாதம். வழக்குப் போட்டார். அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டு வரை போனார். 2014 ஜூன் 26-ந் தேதி 9 நீதிபதிகளும் ஒருமனதாகத் தீர்ப்புச் சொன்னார்கள். "இந்த 35 அடிச் சட்டம் செல்லாது. தொல்லை கொடுப்பவரைத் தண்டிக்க வேறு வழி இருக்கிறது. அமைதியாகப் பேசுகிறவரின் வாயையும் சேர்த்து அடைக்கக் கூடாது" என்பது தீர்ப்பின் சாரம்.

பாட்டி ஜெயித்தார்!

ஒரே வாசல், இரண்டு கண்ணீர்

அட்லாண்டிக் கடலுக்கு இந்தப் பக்கம் கதை வேறு மாதிரி போனது.

லண்டன் மாநகரில் ஈலிங் என்று ஒரு பகுதி. அங்கே உள்ள கருக்கலைப்பு கிளினிக் முன்னால் 20 ஆண்டுக்கு மேலாக ஜெபக்காரர்கள் நின்று வந்தார்கள். வருகிற பெண்களிடம் துண்டுப் பிரசுரம் கொடுத்தார்கள்.

2011-ல் ஒரு பெண் அங்கே வந்தாள். கருவைக் கலைக்கத்தான் வந்தாள். கையில் காசு இல்லை. துணை இல்லை. வாசலில் நின்றவர்கள் ஒரு தாளைக் கொடுத்தார்கள். வீட்டுக்கு வழி செய்வோம், பண உதவி செய்வோம், கூட நிற்போம் என்றார்கள். சொன்னபடி செய்தார்கள். அவள் கலைக்கவில்லை. பெண் குழந்தை பிறந்தது.

2018 ஏப்ரலில் ஈலிங் நகரசபை ஒரு தடை போட்டது. கிளினிக்கைச் சுற்றி ஜெபமும் கூடாது, பிரசுரமும் கூடாது. கொஞ்சம் தள்ளி ஓர் இடம் ஒதுக்கப்பட்டது. அங்கே 4 பேர் வரை நிற்கலாம். அந்தத் தாயே இதை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போனாள். "இந்த உதவி வாசலில் கிடைக்காமல் போயிருந்தால் என் மகள் இல்லை" என்பது அவள் கட்சி.

எவ்வளவு உருக்கமான வாதம்!

ஆனால், கோர்ட்டில் மற்றப் பெண்களின் அனுபவமும் இருந்தது. "வாழ்க்கையில் மிகக் கஷ்டமான நாளில் அந்நியர்கள் எங்களை உற்றுப் பார்த்தார்கள். எங்கள் அந்தரங்கம் தெருவுக்கு வந்தது. கூனிக் குறுகிப் போனோம்" என்பது அவர்கள் சொன்னதன் சாரம். யாரும் அவர்களை அடிக்கவில்லை. யாரும் வைய வேண்டிய அவசியம்கூட இல்லை. பார்த்ததே போதுமாக இருந்தது.

ஐகோர்ட்டு 2018 ஜூலையில் தடை சரி என்றது. அப்பீல் கோர்ட்டும் 2019 ஆகஸ்டில் அதையே சொன்னது. இரண்டு தரப்புக்கும் உரிமை உண்டு. ஆனால் அந்த வாசலில் பெண்ணின் அந்தரங்கத்துக்கே முதல் இடம் என்பது முடிவு.

அதற்குப் பிறகு சட்டம் நாடு முழுவதற்கும் வந்தது. 2024 செப்டம்பர் முதல் ஸ்காட்லாந்தில் 200 மீட்டர். 2024 அக்டோபர் 31 முதல் இங்கிலாந்திலும் வேல்சிலும் 150 மீட்டர். அயர்லாந்திலும் அதே ஆண்டு 100 மீட்டர் எல்லை நடைமுறைக்கு வந்தது.

மவுனமாக நின்றவர்

இதிலே மனதைப் பிசையும் ஒரு வழக்கு உண்டு.

2022 நவம்பரில், இங்கிலாந்தில் போர்ன்மவுத் என்ற ஊரில், ஒருவர் கிளினிக்குக்கு முதுகைக் காட்டியபடி நின்றார். முன்னாள் ராணுவ வீரர். வாய் திறக்கவில்லை. அட்டை பிடிக்கவில்லை. தலை குனிந்து மனதுக்குள் ஜெபம் செய்தார்.

யாருக்காக? 20 ஆண்டுக்கு மேல் முன்பு கலைக்கப்பட்ட தம் சொந்தக் குழந்தைக்காக!

அது தடை செய்யப்பட்ட எல்லை. நகரசபை அதிகாரிகள் போகச் சொன்னார்கள். அவர் போகவில்லை. 2024 அக்டோபரில் கோர்ட்டு அவரைக் குற்றவாளி என்றது. சிறைத் தண்டனை இல்லை. ஆனால் வழக்குச் செலவுக்காக 9 ஆயிரம் பவுன் கட்டும்படி உத்தரவு ஆனது.

மனதுக்குள் ஜெபித்ததற்கு வழக்கா என்று கேட்டால், யாருக்கும் கொஞ்சம் வலிக்கத்தான் செய்யும். மனதுக்கு யாரும் வேலி போட முடியாது, போடவும் கூடாது.

ஆனால், உள்ளே போகும் பெண்ணுக்கு அவர் மனதில் இருப்பது எப்படித் தெரியும்? அவளுக்குத் தெரிவதெல்லாம் ஓர் ஆண் அங்கே நிற்கிறார் என்பது மட்டுமே. அவருடைய துக்கம் உண்மை. அவளுடைய பயமும் உண்மை. துக்கத்தைச் சுமக்க ஆயிரம் இடம் உண்டு. அவளுக்கோ அந்த ஒரு வாசல்தான் உண்டு.

நம் நாட்டில் எப்படி?

நம் நாட்டில் ஆகஸ்டு 10 ஒரு முக்கியமான நாள். 1971-ம் ஆண்டு அந்த நாளில்தான் மருத்துவக் கருக்கலைப்புச் சட்டம் பிறந்தது. 1972 ஏப்ரல் 1-ந் தேதி நடைமுறைக்கு வந்தது.

அதற்கு முன்பு, தாயின் உயிரைக் காப்பாற்ற என்றால் ஒழிய, கருக்கலைப்பு குற்றம். அதனால் கலைப்பு நின்றுவிட்டதா? இல்லை! பெண்கள் திருட்டுத்தனமாகக் கைவைத்தியக்காரியிடம் போனார்கள். குச்சியும் வேரும் வைத்துச் செத்தார்கள். அதைத் தடுக்க என்ன செய்யலாம் என்று ஆராய 1964-ல் சாந்திலால் ஷா தலைமையில் குழு போட்டார்கள். அதன் சிபாரிசின் பேரில் சட்டம் வந்தது.

அந்தச் சட்டம் பிறந்த அதே நாளை, கத்தோலிக்கர்கள் உயிருக்கான ஊர்வல நாளாக எடுத்துக்கொண்டார்கள். 2022 ஆகஸ்டு 10-ந் தேதி டெல்லியிலும், 2023-ல் கேரளத்தில் திருச்சூரிலும் ஊர்வலம் நடந்தது. ஜெபம் உண்டு, கோஷம் உண்டு. ஊர்வலம் போவது அவர்கள் உரிமை. தெருவில் போகும் ஊர்வலம் எந்தப் பெண்ணையும் வாசலில் நிறுத்திப் பார்ப்பதில்லை. அந்த வித்தியாசத்தை மறக்கக் கூடாது.

நம் ஊரின் காவல்காரர்கள்

இனி நம் ஊருக்கு வருவோம்.

ஆஸ்பத்திரி வாசலில் ஜெபமாலையோடு கூடி நிற்பது தாராபுரம் சீமைக்குப் பழக்கம் இல்லாத காட்சி. அப்படியானால் நம் வாசல் காலியாக இருக்கிறதா?

ஒரு பெண்ணை நினைத்துக்கொள்ளுங்கள். தாராபுரத்தைச் சுற்றி உள்ள ஏதோ ஒரு கிராமம். விடிவதற்குள் சோறு ஆக்கி, டப்பாவில் அடைத்து, பனியன் கம்பெனி வேன் ஏறுகிறாள். செக்கிங் வேலை. அல்லது ஓவர்லாக் மெஷின். ஒன்றரை ஷிப்ட் முடித்து வரும்போது இருட்டிவிடும். வீட்டில் இரண்டு குழந்தைகள். இப்போது நாள் தள்ளிப் போயிருக்கிறது.

அவள் ஆஸ்பத்திரிக்கு வருகிறாள். பஸ்சை விட்டு இறங்கியதுமே காவல் ஆரம்பம்!

"என்ன அம்மணி, ஆஸ்பத்திரிப் பக்கம்?"

"உடம்புக்கு என்ன கண்ணு? கூட யாரும் வரலையா?"

"வேலைக்குப் போகலையா இன்னிக்கு?"

கேட்பவர்கள் கெட்டவர்கள் அல்ல. அக்கறையாகவும் கேட்கலாம். ஆனால் சாயங்காலத்துக்குள் செய்தி ஊருக்கு முன்னால் போய்ச் சேர்ந்துவிடும். ஊர் வாயை மூட உலைமூடி ஏது?

உள்ளே போனாலும் தப்பவில்லை. "வீட்டுக்காரர் கையெழுத்து எங்கே?" என்ற கேள்வி வரும். கல்யாணம் ஆகாத பெண், மில் ஹாஸ்டலில் தங்கி வேலை செய்கிறவள் என்றால் கேட்கவே வேண்டாம். நர்சின் ஒரு பார்வை போதும். அவள் அப்படியே திரும்பிவிடுவாள்.

சீமையில் பத்துப் பேர் அட்டை பிடித்து நின்று செய்ததை, இங்கே ஓர் ஊரே அட்டை இல்லாமல் செய்கிறது!

திரும்பிப் போனவள் எங்கே போகிறாள்?

மருந்துக் கடைக்குப் போகிறாள். அல்லது யாரையாவது அனுப்பி மாத்திரை வாங்குகிறாள்.

இதற்குக் கணக்கு இருக்கிறது. 2015-ம் ஆண்டில் இந்தியாவில் 1 கோடியே 56 லட்சம் கருக்கலைப்புகள் நடந்ததாக ஆராய்ச்சியாளர்கள் மதிப்பிட்டார்கள். லான்செட் மருத்துவ இதழ்களில் ஒன்றில் இது வெளியானது. அதில் நூற்றுக்கு 73, ஆஸ்பத்திரிக்கு வெளியே, மாத்திரையால் நடந்தவை. ஆஸ்பத்திரிக்குள் நடந்தவை நூற்றுக்கு 22 மட்டுமே.

மாத்திரை விஷம் அல்ல. டாக்டர் பார்த்து, வாரக் கணக்குச் சரியாக இருந்து, சொன்ன அளவில் சாப்பிட்டால் ஆபத்து குறைவு. ஆனால் எத்தனை வாரம் என்பதே தெரியாமல் விழுங்கினால்? கரு கர்ப்பப்பையில் இல்லாமல் குழாயில் தங்கி இருந்தால்? மாத்திரை அதைக் கலைக்காது. குழாய் வெடித்தால் உள்ளேயே ரத்தம் கொட்டும். உயிருக்கே ஆபத்து.

அதிக ரத்தப் போக்கு, காய்ச்சல், தாங்க முடியாத வயிற்று வலி, மயக்கம். இதில் எது வந்தாலும் மறைக்கக் கூடாது. உடனே 108 ஆம்புலன்சைக் கூப்பிட வேண்டும்.

கூச்சம் ஓர் உயிரைக் காப்பாற்றியதாக எங்கும் சரித்திரம் இல்லை. கூச்சத்தால் போன உயிர்கள் உண்டு.

சட்டம் என்ன சொல்கிறது?

ஒவ்வொரு குடும்பமும் இதைத் தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டும்.

பெண்ணுக்கு 18 வயது ஆகிவிட்டால் அவள் சம்மதம் ஒன்றே போதும். கணவன் கையெழுத்து வேண்டும் என்று சட்டத்தில் இல்லை. 18-க்குக் கீழே என்றால் பெற்றோர் அல்லது காப்பாளர் சம்மதம் வேண்டும்.

சட்டம் ஒப்புக்கொண்ட காரணம் இருந்தால் 20 வாரம் வரை ஒரு டாக்டரின் முடிவு போதும். 2021-ல் சட்டம் திருத்தப்பட்டது. பலாத்காரத்துக்கு ஆளானவர், சிறுமி, நடுவில் விதவையானவர் அல்லது விவாகரத்து ஆனவர் போன்றவர்களுக்கு, இரண்டு டாக்டர்கள் சம்மதித்தால் 24 வாரம் வரை இடம் உண்டு. கல்யாணம் ஆகாத பெண்ணுக்கும் இந்த 24 வார உரிமை உண்டு என்று சுப்ரீம் கோர்ட்டு 2022 செப்டம்பர் 29-ந் தேதி சொன்னது.

இன்னொரு முக்கியமான விதி: கருக்கலைப்பு செய்துகொண்ட பெண்ணின் பெயரை டாக்டர் வெளியே சொல்லக்கூடாது. சட்டப்படி அதிகாரம் பெற்றவரிடம் மட்டுமே சொல்லலாம். மீறினால் ஓர் ஆண்டு வரை ஜெயில், அல்லது அபராதம், அல்லது இரண்டும்.

டாக்டருக்குச் சட்டம் வாய்ப்பூட்டுப் போட்டிருக்கிறது. பஸ் ஸ்டாண்டில் நிற்கும் நமக்கு நாமேதான் போட்டுக்கொள்ள வேண்டும்!

ஒன்றை மட்டும் இதோடு போட்டுக் குழப்பக் கூடாது. ஆணா, பெண்ணா என்று ஸ்கேன் பார்த்துப் பெண் என்றால் அழிப்பது வேறு. அது 1994-ம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். 2011 மக்கள்தொகைக் கணக்கில், தமிழ்நாட்டில் 6 வயது வரை உள்ள 1,000 ஆண் குழந்தைகளுக்கு 943 பெண் குழந்தைகளே இருந்தார்கள். அந்தப் பாவம் பெரும்பாலும் அவள் தானாக எடுத்த முடிவு அல்ல. "இந்தத் தடவையாவது பையனாக இருக்கட்டும்" என்று வீட்டில் நச்சரித்தவர்கள் எடுத்த முடிவு.

சேலத்துத் தொட்டில்

வாசலில் நிற்பது பற்றித் தமிழ்நாட்டுக்கு ஓர் அனுபவம் உண்டு. அதை இங்கே சொல்லியாக வேண்டும்.

சேலம், மதுரை, தர்மபுரி வட்டாரங்களில் ஒரு காலத்தில் பிறந்த பெண் சிசுவுக்குக் கள்ளிப்பால் கொடுக்கும் கொடுமை நடந்தது. 1992-ல் முதல்-அமைச்சர் ஜெயலலிதா சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டத்தைத் தொடங்கினார். பிறகு வேறு மாவட்டங்களுக்கும் அது போனது.

திட்டம் மிக எளிது. ஒரு தொட்டில். "வளர்க்க முடியாவிட்டால் கொல்லாதே. இங்கே விட்டுவிட்டுப் போ" என்ற ஒரு சொல். அவ்வளவுதான்.

பெண் குழந்தையைக் கைவிட அரசே வழி காட்டலாமா என்று கண்டனமும் எழுந்தது. அந்தக் கேள்வியில் நியாயம் உண்டு. ஆனால் அந்தத் தொட்டில் ஒரு பாடம் சொன்னது. அது தாயின் பெயரைக் கேட்கவில்லை. சாதியைக் கேட்கவில்லை. "ஏன் வந்தாய்?" என்று முறைக்கவில்லை. குழந்தையை வாங்கிக்கொண்டது.

ஈலிங் வாசலில் குழந்தை பெற்ற அந்தத் தாயின் கதையையும் இதோடு வைத்துப் பாருங்கள். அவளைத் தடுத்து நிறுத்தியது எது? ஜெபமாலையா? நம்பிக்கை உள்ளவர்கள் ஆம் என்பார்கள். அதை நாம் மறுக்க வேண்டியது இல்லை. ஆனால் அவளே சொன்னது என்ன? குடியிருக்க வழி, கைச்செலவுக்குப் பணம், கூட ஒரு துணை. இவை கிடைத்தன என்றுதான் சொன்னாள்.

அந்த உதவியைக் கொடுக்க ஆஸ்பத்திரி வாசல் வரை வர வேண்டுமா? அதற்கு முன்பே கொடுக்கக் கூடாதா?

இதுதான் நம் கேள்வி. பிள்ளையைப் பெற வேண்டும் என்று ஒரு பெண் ஆசைப்பட்டு, வழி இல்லாமல் அந்த வாசலுக்கு வருகிறாள் என்றால், அவள் வந்து சேர்வதற்குள் பல கதவுகள் அவளுக்கு முன்னால் அடைபட்டிருக்கின்றன. கடைசிக் கதவில் நிற்பதை விட முதல் கதவைத் திறப்பதே புண்ணியம்.

முதல் கதவு எது?

முதல் கதவு வீடு. "வேண்டாம் என்றால் வேண்டாம், வேண்டும் என்றால் நான் இருக்கிறேன்" என்று கணவன் சொல்ல வேண்டும். மாமியார் மிரட்டக் கூடாது. பிள்ளை பெற்றுக்கொள் என்று கட்டாயப்படுத்துவதும் கொடுமை. கலைத்துவிடு என்று கட்டாயப்படுத்துவதும் கொடுமை. அவள் சம்மதம் இல்லாமல் கருவைக் கலைப்பது சட்டப்படி பெரிய குற்றம். குடும்பக் கட்டுப்பாட்டுப் பாரத்தைப் பெண் தலையிலேயே போடாமல் ஆணும் ஏற்றுக்கொண்டால், பாதிப் பெண்களுக்கு இந்த வாசலே தேவைப்படாது.

இரண்டாவது கதவு கம்பெனி. 2017-ல் பிரசவ லீவு 12 வாரத்திலிருந்து 26 வாரம் ஆனது. 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த புதிய சமூகப் பாதுகாப்புச் சட்டமும் அதைத் தொடர்கிறது. 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் குழந்தைக் காப்பகம் வேண்டும். கர்ப்பம் என்பதற்காக வேலையை விட்டு நீக்கக் கூடாது. ஆனால் காண்ட்ராக்ட்காரர் மூலம் பீஸ் ரேட்டுக்கு வேலை செய்கிறவளுக்கு இ.எஸ்.ஐ. அட்டையாவது இருக்கிறதா? "வயிறு தெரிந்தால் வேலை போகும்" என்று அவள் பயந்தால், அந்தப் பயமே அவளை வாசலுக்குத் தள்ளுகிறது. உயிரைக் காக்க வேண்டும் என்று பேசும் முதலாளிகள் முதலில் காப்பகத்தைத் திறக்கட்டும்.

மூன்றாவது கதவு அரசு. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரில் உள்ள மகப்பேறு உதவித் திட்டத்தில் ஏழைத் தாய்மாருக்குப் பணமும் சத்துணவுப் பெட்டகமுமாக 18 ஆயிரம் ரூபாய்க்கு உதவி உண்டு. கிராம நர்சிடம் சீக்கிரம் பதிவு செய்ய வேண்டும். சந்தேகம் இருந்தால் 104-க்குப் போன் செய்து கேட்கலாம். வீட்டில் அடி, உதை, மிரட்டல் என்றால் 181.

நான்காவது கதவு குழந்தைகள் நலக் குழு. பெற்றுவிட்டு வளர்க்க முடியாதவள், குழந்தையை யாரிடமும் ரகசியமாகக் கொடுக்கக் கூடாது, விற்கவும் கூடாது. மாவட்டத்தில் உள்ள குழுவிடம் சட்டப்படி ஒப்படைக்கலாம். அதற்குப் பிறகும் மனம் மாற இரண்டு மாதம் அவகாசம் உண்டு. 1098-க்குப் போன் செய்தால் வழி சொல்வார்கள்.

ஐந்தாவது கதவு கோவிலும் சர்ச்சும் பள்ளிவாசலும். ஜெபம் செய்யட்டும். நன்றாகச் செய்யட்டும். ஜெபத்துக்கு ஆண்டவன் சந்நிதி இருக்கிறது. அதோடு, ஊரில் கைவிடப்பட்ட ஒரு கர்ப்பிணிக்கு ஆறு மாத வாடகை கட்ட ஓர் உண்டியல் வைக்கட்டும். கல்யாணம் ஆகாமல் பிள்ளை பெற்றவளைப் பந்தியில் உட்கார வைக்கட்டும். அதுதான் பெரிய ஜெபம்!

அவள் வந்தால்...

இத்தனைக்குப் பிறகும் ஒருத்தி அந்த வாசலுக்கு வருவாள். சிலருக்கு உடல் தாங்காது. சிலருக்குக் கரு சரியாக வளர்ந்திருக்காது. சிலர் பலாத்காரத்துக்கு ஆளானவர்கள். சிலருக்கு "இன்னொரு பிள்ளை முடியாது" என்பதே காரணமாக இருக்கும். எந்தக் காரணம் என்று நெற்றியில் எழுதி இருக்காது.

அவளைத் தடுக்க வேண்டாம். காரணம் கேட்க வேண்டாம். கண்ணால் அளக்கவும் வேண்டாம். அவள் முடிவு அவளோடும், அவள் டாக்டரோடும், அவள் மனசாட்சியோடும் இருக்கட்டும்.

உள்ளே இருக்கும் டாக்டரும் நர்சும் ஒரு நாற்காலியைக் காட்டி, "உட்காரு அம்மா, பயப்படாதே" என்று சொல்லட்டும். வெளியே இருக்கும் நாம் வழி விடுவோம். திரும்பி வரும்போது பஸ்சில் அவளுக்கு இடம் கொடுப்போம். வீட்டில் அன்று அவளை அடுப்புப் பக்கம் விடாமல் ஒரு வாய் கஞ்சி வைத்துக் கொடுப்போம்.

சீமையில் எத்தனை மீட்டர் என்று கோடு போட்டு அளக்கிறார்கள். நமக்கு டேப் வேண்டாம். பெண் படும் வேதனைக்கு எவ்வளவு தூரம் தள்ளி நிற்க வேண்டும், அவளுக்கு உதவ எவ்வளவு பக்கத்தில் நிற்க வேண்டும் என்பது மனிதருக்குத் தெரியும்.

தெரிந்ததைச் செய்வோம்!